தையல் மேசையிலிருந்து: படத்துக்கு என்ன நிறம்?



சட்டைக்குக் கைமடிப்பு வைப்பது பற்றி இந்த மாதம் எழுதுவதாகச் சொல்லியிருந்தேன். அதை அடுத்த இதழுக்குத் தள்ளி வைத்திருக்கிறேன், மன்னித்துக்கொள்ளுங்கள். எங்கள் வீட்டில் ஒரு நல்ல காரியம் வந்திருக்கிறது. மகளுக்கு எழுத்து வைத்திருக்கிறோம். அவளும் மருமகனாக வரப்போகும் தம்பியும் கொழும்பில் வேலை செய்கிறார்கள். எழுத்துக்கு முன்னம் இருவரும் நகரத்தில் நின்று படம் எடுக்க வேண்டுமாம். ‘பிறி சூட்’ என்கிறார்கள். எங்கள் காலத்தில் எழுத்தன்று ஸ்ரூடியோவுக்குப் போய், திரைச்சீலைக்கு முன்னால் கதிரையில் ஒருவர் இருக்க, மற்றவர் பக்கத்தில் நிற்க, ஒரே ஒரு படம் எடுப்போம். இப்போது கடற்கரை, பழைய கட்டடம், தெரு என்று அரை நாள் போகிறது.

அந்தப் படத்துக்கு என்ன உடுப்பது என்று நாங்கள் பட்ட பாட்டைத்தான் இம்முறை எழுதுகிறேன். உங்களிலும் பலருடைய பிள்ளைகள் இப்போது அந்த வயதுக்கு வந்திருப்பார்கள். தைத்துத் தரச்சொல்லி என்னிடம் வருபவர்களும் இதையே கேட்கிறார்கள்.

மகள் முதலில் கேட்டது வாடகைக் கவுண். வெளிறிய பீச் நிறம், பின்னால் இரண்டு முழத்துக்கு இழுபடும் நெற் துணி. கனடாவில் இருக்கும் மாப்பிள்ளையின் அக்கா காசு அனுப்புகிறேன் என்று சொல்லியிருந்தா. நல்ல மனதோடு சொன்னதுதான். ஆனால் உறவு தொடங்க முன்னமே கடன்பட்ட மாதிரி எனக்கு மனம் ஒப்பவில்லை. வாய் திறந்து சொல்லவும் முடியவில்லை. “வா பிள்ளை, முதல்ல போய்ப் பாப்பம்” என்று இரவு பஸ் ஏறி வெள்ளவத்தையில் போய் இறங்கினேன்.

கடையில் அந்தக் கவுணைப் போட்டுப் பார்த்தாள். முன்னாலிருந்து பார்க்க அழகுதான். நான் பின்னால் போய்ப் பார்த்தேன். இடுப்பில் நாலு விரல் தொளதொளப்பு. கடைப் பிள்ளை நாலைந்து கிளிப் போட்டு இழுத்துப் பிடித்திருந்தாள். கீழ் விளிம்பில் யாரோ மிதித்த ஊத்தை, கழுவியும் போகவில்லை. வாடகை போக, தனியாகக் கட்டுப்பணமும் வைக்க வேண்டும். நெற் கிழிந்தால் அந்தக் கட்டுப்பணத்தில் கழிப்பார்களாம். ஒரு நாள் வாடகை என்னுடைய ஒரு மாதத் தையல் கூலியை விடக் கூட.

நான் காசைப் பற்றிக் கதைக்கவில்லை. “பிள்ளை, இதோட எவ்வளவு தூரம் நடக்கப்போறாய்?” என்று மட்டும் கேட்டேன். அவள் யோசித்தாள். காலையில் காலிமுகத்திடல், பிறகு கோட்டைப் பக்கம். புல், மணல், கல்லுப் பாதை, படிக்கட்டு. உடுப்பு மாற்ற இடம் கிடைக்குமோ தெரியாது. அவளாகவே கவுணைக் கழற்றிக் கொடுத்துவிட்டாள்.

அப்படியென்றால் எதை உடுப்பது? படம் எடுக்கும் தம்பியிடம் கேட்டோம். “எந்த நிறமும் போடலாம் அன்ரி. பின்னுக்கு என்ன இருக்கெண்டு பாத்துப் போடுங்கோ” என்றார். இது எனக்குப் பிடித்துக்கொண்டது. தையல்காரிக்குத் துணியைத் துணியோடு வைத்துப் பார்க்கத் தெரியும். சுவரோடும் கடலோடும் வைத்துப் பார்த்தால் என்ன?

வீட்டிலிருந்து வரும்போது வெட்டுத்துண்டுகள் ஒரு பை நிறையக் கொண்டு வந்திருந்தேன். அதில் ஐந்து நிறங்களை எடுத்தோம்: வெள்ளை, பீச், மாம்பழ மஞ்சள், மயில் பச்சை, கத்தரிப்பூ. ஒவ்வொன்றும் ஒரு முழத் துண்டு. படம் எடுக்க இரண்டு நாள் இருக்கும்போது, எடுக்கப்போகும் அதே நேரத்துக்கு அதே இடங்களுக்குப் போனோம். மகள் துண்டைத் தோளில் போட்டு நிற்பாள், நான் கைத்தொலைபேசியில் எடுப்பேன். போவோர் வருவோர் பார்த்துச் சிரித்தார்கள். சிரித்தால் சிரிக்கட்டும்.

முதலில் கோட்டையில் உள்ள பழைய டச்சு வைத்தியசாலை. ஒல்லாந்தர் ஆண்ட 17 ஆம் நூற்றாண்டில் எழுந்த கட்டடம். 2011 இல் திருத்தி, கடைகளும் உணவகங்களும் உள்ள இடமாகத் திறந்தார்கள். வெளிறிய சுவர், மேலே சிவப்பு ஓடு. அந்தச் சுவருக்கு முன்னால் வெள்ளையும் பீச்சும் சுவரோடு கரைந்து போயின. மஞ்சளும் அரைவாசிதான் தெரிந்தது. மயில் பச்சையைப் போட்டதும் பிள்ளையின் முகம் எழும்பி வந்தது. சரி, இங்கே பச்சை.

பிறகு காலிமுகத்திடல். 1859 இல் அப்போதைய ஆளுநர் ஹென்றி வார்ட் மக்கள் உலாவுவதற்கென்று அமைத்த திடல் இது. கடல் மேற்கே இருக்கிறது. இதை மறக்கக் கூடாது. கடலைப் பின்னுக்கு வைத்து மாலையில் எடுத்தால் சூரியன் ஆளுக்குப் பின்னால் நிற்கும். முகம் இருண்டு, உருவம் நிழலாகத்தான் வரும். அது போதும் என்றால் மாலை நல்லது. முகம் தெளிவாக வேண்டுமென்றால் காலைதான். ஆனால் கிழக்குப் பக்கம் உயரமான ஹோட்டல்களும் கடைத்தொகுதியும் நிற்பதால், வெயில் திடலில் இறங்கக் கொஞ்சம் நேரம் பிடிக்கும். இன்னொன்றும் கண்டேன். மாலை வெயில் பின்னால் இருந்து அடிக்கும்போது மெல்லிய துணி கண்ணாடி மாதிரி ஆகிவிடுகிறது. உள்பாவாடை குட்டை என்றால் அந்த வெட்டுக்கோடு படத்தில் அப்படியே தெரியும்.

கடலுக்கு முன்னால் மாம்பழ மஞ்சள்தான் எடுத்துக் காட்டியது. கத்தரிப்பூ நிறம் காலையில் பரவாயில்லை, மாலையில் சாம்பலாய்ச் செத்துப் போனது. ஆனால் மகள் திரும்பத் திரும்பக் கத்தரிப்பூத் துண்டையே எடுத்துப் போட்டாள். “இது எடுபடேல்லை பிள்ளை” என்றேன். “இன்னொருக்கா எடுங்கோ அம்மா” என்றாள். நாலாம் தரம் எனக்குக் கோபம் வந்துவிட்டது. “உனக்கு என்ன விசரா? நான் முப்பது வருசமாத் துணியோட கிடக்கிறன். கண்ணுக்குத் தெரியாதே?” என்று பேசிவிட்டேன்.

அவள் துண்டை மடித்தபடி கேட்டாள்: “அண்டைக்கு நீங்கள் கட்டியிருந்தது கத்தரிப்பூச் சாறி தானே அம்மா?”

எனக்குக் கொஞ்ச நேரம் பேச்சு வரவில்லை.

சகோதரிகளே, 2002 ஏப்ரலில் ஏ9 பாதை திறந்தது உங்களுக்கு நினைவிருக்கும். அடுத்த ஆண்டு, இவருடைய தம்பி வெளிநாடு போகும்போது வழியனுப்பக் கொழும்புக்குப் போனோம். மகளுக்கு இரண்டு வயது. பின்னேரம் காலிமுகத்திடலுக்குக் கூட்டிக்கொண்டு போனார்கள். தம்பியின் கமராவில் ஒரு படம். கடல் பின்னால். இவர் மகளைத் தூக்கி வைத்திருக்கிறார். காற்று என் முந்தானையை இழுத்துக்கொண்டு போகிறது. நான் ஒரு கையால் சேலையையும் மறு கையால் தலைமயிரையும் பிடித்துக்கொண்டு சிரிக்கிறேன். கத்தரிப்பூ நிறச் சாறி, பச்சைக் கரை. நாங்கள் மூவரும் சேர்ந்து நின்ற படம் அது ஒன்றுதான்.

2009 இல் கிளிநொச்சியிலிருந்து தர்மபுரம், சுதந்திரபுரம், இரணைப்பாலை என்று ஓடும்போது அல்பத்தை ஒரு பையில் வைத்துத் தூக்கிக்கொண்டே திரிந்தேன். இரணைப்பாலையில் பங்கருக்குள் விட்டுவிட்டு எழும்பி ஓடியதோடு சரி. கூறைச்சேலையும் அந்தப் பையில்தான். அந்த மே மாதம் வட்டுவாகலில் இவரைப் பிரிந்தோம். இன்றைக்கு வரைக்கும் தகவல் இல்லை. மனிக்பாம் முகாமில் இரவில் நித்திரை வராமல் அழும் பிள்ளைக்கு அந்தப் படத்தைத்தான் கதையாய்ச் சொல்லுவேன். கடல், காற்று, அப்பாவின் தோள், அம்மாவின் சாறி. அவள் அந்தப் படத்தைக் கண்ணால் கண்டதாக நினைவில்லை. ஆனால் நிறம் வரைக்கும் மனப்பாடம்.

நாகரிகத்துக்காக நகரத்தில் படம் எடுக்க நிற்கிறாள் என்று நான் நினைத்திருந்தேன். அவள் அந்த இடத்தைத் தேடி வந்திருக்கிறாள்.

இடமும் அப்படியே இல்லை. வடக்குப் பக்கம் கடலாக இருந்த இடத்தில் 2014 இல் துறைமுக நகர வேலை தொடங்கி, 269 ஹெக்டேயர் நிலத்தைக் கடலிலிருந்து எடுத்திருக்கிறார்கள். நகரத்துக்கு மேலால் தாமரைக் கோபுரம் தெரிகிறது. இதே திடலில்தான் 2022 இல் மக்கள் மாதக்கணக்காகக் கூடாரம் போட்டு இருந்தார்கள். அந்த ஆண்டு மே 18 அன்று இங்கே முள்ளிவாய்க்கால் கஞ்சியும் கொடுத்தார்கள். அதையெல்லாம் மகளிடம் சொல்லிக்கொண்டு அங்கேயே கல்லில் இருந்தோம். கடைசியில் அவளே சொன்னாள்: “சரி அம்மா, எனக்கு மஞ்சள். கத்தரிப்பூ நீங்கள் கட்டுங்கோ.”

இங்கேதான் சிக்கல். நான் பதினைந்து வருசத்துக்கு மேலாக நிறச் சேலை கட்டுவதில்லை. யாரும் கட்ட வேண்டாம் என்று சொல்லவில்லை. சாம்பல், மண்நிறம், வெளிறிய நீலம் என்று கை தானாகப் போகும். பொட்டு மட்டும் விடவில்லை. பொட்டை அழித்தால் அவர் இல்லை என்று நானே எழுதிக் கொடுத்த மாதிரி. இதற்காக இரு பக்கத்தாலும் பேச்சு வாங்கியிருக்கிறேன். பொட்டு வைத்தால் “இவவுக்கு என்ன நினைப்பு” என்பார்கள். நல்ல காரியத்துக்கு முன்னால் போய் நின்றால் முகத்தைத் திருப்புவார்கள். உங்களில் எத்தனை பேருக்கு இது நடந்திருக்கும் என்று எனக்குத் தெரியும்.

அன்று இரவு மாப்பிள்ளையின் பெரியம்மா தொலைபேசி எடுத்தா. எல்லாம் அன்பாகத்தான் கதைத்தா. முடிவில், “தங்கச்சி, குறை நினையாதேங்கோ. பிள்ளைக்குச் சாறியை ஆரும் சுமங்கலி ஒராள் கட்டிவிடட்டும். படத்திலையும் நீங்கள் கொஞ்சம் ஒதுங்கி நிண்டாச் சரி” என்றா. நான் “ஓமக்கா” என்றேன். பழக்கத்தில் வருகிற ஓம். ஊர்ப் பிள்ளைகள் நூறு பேருக்குக் கூறை கட்டிவிட்ட கை இது. என் பிள்ளைக்குக் கட்டக் கூடாதாம். லொட்ஜில் பக்கத்து அறையில் இருந்த ஒரு அக்காவிடம் காலையில் வந்து கட்டிவிடச் சொல்லிக் கேட்டும் வைத்தேன்.

காலையில் அந்த அக்கா வந்தா. மகள் சாறியைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றாள். “குறை நினையாதேங்கோ அன்ரி. அம்மா கட்டிவிட்டாத்தான் எனக்குக் கொய்யகம் நிக்கும்” என்றாள். அந்த அக்கா என்னைப் பார்த்துச் சிரித்துவிட்டு, “பிறகென்ன, கட்டிவிடுங்கோவன். நான் பின் எடுத்துத் தாறன்” என்று கட்டிலில் இருந்துவிட்டா. அவ்வளவுதான். பெரிய வாக்குவாதம் ஒன்றும் நடக்கவில்லை. நான் குனிந்து கொய்யகம் பிடித்தேன். கை நடுங்கியது. முதல் தரம் ஒழுங்காக வரவில்லை. அவிழ்த்துத் திரும்பப் பிடித்தேன்.

பிறகு எனக்குச் சாறியை எடுத்துத் தந்தாள். முதல் நாள் புறக்கோட்டையில் எனக்குத் தெரியாமல் வாங்கியது. சாதாரண கொட்டன் சாறி, விலையும் அதிகமில்லை. கரை பச்சை இல்லை, கபிலம். “பச்சைக் கரை கிடைக்கேல்லை அம்மா” என்றாள். கட்டிக்கொண்டேன். கண்ணாடியில் பார்க்க என்னை எனக்கே புதிதாக இருந்தது. அழவில்லை. இடுப்பில் செருகியது சரியா என்று மட்டும் பார்த்தேன்.

காலிமுகத்திடலில் அவர்கள் இருவரும் நின்ற படங்கள் முடிந்த பிறகு மருமகன் தம்பி, “மாமி, வாங்கோ” என்று கூப்பிட்டார். பெரியம்மா சொன்னது அவருக்கும் தெரியும் என்று நினைக்கிறேன். நடுவில் நிற்கச் சொன்னார். நான் மகளின் பக்கம் நின்றேன். படம் எடுக்கும் தம்பி நல்ல எண்ணத்தோடு ஒன்று கேட்டார்: “அப்பான்ர படம் ஒண்டு தந்தா, கொம்பியூட்டர்ல பக்கத்தில நிக்கிற மாதிரிச் சேர்க்கலாம் அன்ரி. கோட் சூட்டும் போட்டுவிடலாம்.”

என்னிடம் இவருடைய படம் ஒன்று உண்டு. யாழ்ப்பாணத்தில் மாமி வீட்டில் தப்பிக் கிடந்த சிறிய அடையாள அட்டைப் படம். பெருப்பிக்கக் கொடுத்தபோது ஸ்ரூடியோவில் அவர்களாகவே ஒரு கறுப்புக் கோட்டும் கழுத்துப்பட்டியும் போட்டுத் தந்துவிட்டார்கள். இவர் வாழ்நாளில் கோட் போட்டதில்லை. அந்தப் படத்தைத்தான் கிளிநொச்சியில் 2017 பெப்ரவரியில் உறவுகளைத் தேடும் அம்மாமார் போராட்டம் தொடங்கிய நாள் தொட்டுக் கையில் பிடித்திருக்கிறேன். பிடிக்கும் ஒவ்வொரு தரமும் அந்தக் கோட் என்னை உறுத்தும். ஆகவே “வேண்டாம் தம்பி” என்றேன். “அவர் வந்தா அவர் உடுத்தின உடுப்போட எடுப்பம்.” மகள் என் கையைப் பிடித்தாள். காற்று அடித்தது. எனக்குப் பழைய ஞாபகத்தில் ஒரு கை முந்தானைக்குப் போய்விட்டது. அப்படியே எடுத்துவிட்டார்.

படம் வந்துவிட்டது. கத்தரிப்பூ நிறம் கடலோடு கொஞ்சம் மங்கித்தான் விழுந்திருக்கிறது. தையல்காரியாக நான் சொன்னது சரி. ஆனாலும் அந்தப் படத்தைத்தான் பெருப்பித்து வீட்டில் வைத்திருக்கிறேன். பெரியம்மாவுக்கும் ஒரு பிரதி அனுப்பினேன். “சாறி வடிவாயிருக்குத் தங்கச்சி” என்று மட்டும் சொன்னா. அது போதும்.

பச்சைத் துணி வாங்கி நான் நீளச் சட்டையாகத் தைத்துக் கொடுத்ததைக் கோட்டையில் போட்டாள். அதை வேலைக்கும் போட்டுக்கொண்டு போகலாம். கனடா அக்காவிடம் உடுப்புக் காசு வேண்டாம் என்று மகளே பக்குவமாகச் சொல்லிவிட்டாள். அவ அந்தக் காசில் எல்லோருக்கும் படப் பிரதி போட்டுத் தந்தா. அதை மகிழ்ச்சியாக வாங்கிக்கொண்டோம்.

உங்கள் வீட்டிலும் இப்படி ஒரு நாள் வரும்போது உதவட்டும் என்று சில குறிப்புகள்:

1. இடத்தை முதலில் தீர்மானியுங்கள், நிறத்தைப் பிறகு தீர்மானியுங்கள். வெட்டுத்துண்டோ பழைய சால்வையோ கொண்டுபோய், அதே நேரத்தில் கைத்தொலைபேசியில் எடுத்துப் பாருங்கள். மங்கிய சுவருக்கு அடர்ந்த நிறம், கடலுக்கும் வானத்துக்கும் மஞ்சள், சிவப்புப் போன்ற சூடான நிறம் எடுபடும்.

2. நெருக்கமான கோடு, மிகச் சிறிய கட்டம் போட்ட துணி டிஜிற்றல் கமராவில் அலை அலையாக விழும். கண்ணைக் குத்தும் நிறங்கள் முகத்திலும் அந்தச் சாயலை ஏற்றும்.

3. கடற்கரைக் காற்றுக்கு ஜோர்ஜெற் பறக்கும். பாரமான பட்டு நடக்க விடாது. நடுத்தரப் பாரமுள்ள கொட்டன், கைத்தறிச் சேலைகள் நல்லது. வைகாசியிலிருந்து புரட்டாதி வரை தென்மேற்குப் பருவக்காற்று. அக்காலத்தில் முந்தானையை மடித்துப் பின் குத்திவிடுங்கள்.

4. உள்பாவாடை சேலையின் நிறத்தில், கணுக்கால் வரை இருக்கட்டும். சட்டையை ஒரு கிழமைக்கு முன்னமே போட்டு, கையை உயர்த்தி, இருந்து, குனிந்து பாருங்கள்.

5. வாடகை உடுப்பு என்றால் கீழ் விளிம்பு, கமக்கட்டு, சிப் மூன்றையும் பாருங்கள். ஏற்கெனவே உள்ள கிழிசலைக் கடைக்காரர் முன்னால் படம் எடுத்து வையுங்கள். விளங்காத மொழியில் உள்ள தாளில் கையெழுத்து வைக்காதீர்கள். வாசித்துச் சொல்லச் சொல்லிக் கேளுங்கள்.

6. சில இடங்களில் படம் எடுக்க அனுமதியோ கட்டணமோ உண்டு. முதலே விசாரியுங்கள். நூல், ஊசி, பின், தட்டைச் செருப்பு, தண்ணீர்ப் போத்தல் பையில் இருக்கட்டும்.

7. ஒரு நாள் படத்துக்காகக் கடன் எடுக்காதீர்கள். பிறகும் உடுக்கக்கூடிய உடுப்பாகத் தெரிவு செய்யுங்கள்.

எல்லாவற்றிலும் முக்கியமானது ஒன்று. கைத்தொலைபேசியில் இருக்கும் படத்தை நம்பியிருக்காதீர்கள். கடதாசியில் எடுத்து, பின்பக்கம் பெயர், இடம், திகதி எழுதுங்கள். ஒரு பிரதியை உங்கள் வீட்டில் வையுங்கள், மற்றொன்றை வேறு ஊரில் உள்ள உறவினரிடம் கொடுத்து வையுங்கள். ஒரே பையில் எல்லாவற்றையும் வைத்து இழந்தவள் சொல்கிறேன்.

அடுத்த மாதம் கட்டாயம் கைமடிப்புப் பற்றி எழுதுவேன். அதுவரை வணக்கம்.